கதவோரம் ஒட்டியிருக்கும் அளவு



இந்த மாதம் வந்த கடிதங்களில் ஒன்றை மட்டும் தனியே எடுத்து வைத்திருந்தேன். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து ஒரு வாசகி எழுதியது. வீட்டில் ஸ்விஃப்ட் கார், வி.எக்ஸ்.ஐ. ரகம். நான்கு டயரும் பட்டன் தேய்ந்து, மாற்றியே ஆக வேண்டிய நிலை. கல்லூரியில் படிக்கும் மகன், "மாத்துறதுதான் மாத்துறோம், 16 இன்ச் அலாய் போட்டுரலாம்மா" என்கிறான். கணவரோ, "இருக்கிற அளவே போதும்" என்கிறார். பின் சீட்டில் வரும் மாமியாருக்கு முதுகுத்தண்டில் தேய்மானம். "யார் சொல்வது சரி என்று நீங்களே தீர்ப்புச் சொல்லுங்கள், ஆனால் என் பெயரைப் போட்டுவிடாதீர்கள்" என்று முடித்திருக்கிறார். பெயரைப் போடவில்லை அம்மா. தீர்ப்புதான் கொஞ்சம் நீளமாக வருகிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

கோடை விடுமுறைக்கு ஊர் ஊராகக் கிளம்புகிற நேரம் இது. டயர் கடைகளில் கூட்டம் சேர்கிற நேரமும்கூட. அதனால் அவருக்கு எழுதும் பதிலை இந்தப் பக்கத்திலேயே எல்லோருக்கும் சேர்த்து எழுதிவிடலாம் என்று தோன்றியது.

முதல் வேலையாக, ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்து, கதவு வந்து பூட்டிக்கொள்ளும் தூணைப் பாருங்கள். பெரும்பாலான கார்களில் அங்கே ஒரு ஸ்டிக்கர் ஒட்டியிருக்கும். டயர் அளவு, முன்னும் பின்னும் அடிக்க வேண்டிய காற்று, ஆள் குறைவாக இருந்தால் எவ்வளவு, முழுச் சுமை ஏற்றினால் எவ்வளவு என்று எல்லாம் அதில் இருக்கும். வாட்டர் சர்வீஸ் விட்டு விட்டு எழுத்து அழிந்துபோயிருந்தால், டேஷ்போர்டு பெட்டிக்குள் பிரிக்கப்படாமலே கிடக்கும் கையேட்டில் பார்க்கலாம். செகண்ட் ஹேண்டில் வாங்கிய வண்டியாக இருந்தால், இப்போது மாட்டியிருக்கும் டயரைப் பார்த்து அதுதான் அளவு என்று நம்பிவிடாதீர்கள். முன்பு வைத்திருந்தவர் தன் இஷ்டத்துக்கு எதையாவது மாட்டியிருக்கலாம். ஸ்டிக்கர் சொல்வதே கணக்கு.

வாசகியின் வண்டியில் 165/80 ஆர்14 என்று இருக்கும். 165 என்பது டயரின் அகலம், மில்லிமீட்டரில். 80 என்பது அந்த அகலத்தில் 80 சதவீதம் டயரின் பக்கச்சுவர் உயரம் என்று பொருள். கணக்குப் போட்டால் 132 மி.மீ. 14 என்பது ரிம்மின் விட்டம், அங்குலத்தில். ஒரே வரியில் மில்லிமீட்டர், சதவீதம், அங்குலம் என்று மூன்று கணக்கையும் கலந்து வைத்த புண்ணியவான்கள் யாரோ! நடுவில் உள்ள ஆர், ரேடியல் டயரைக் குறிக்கும். பிரான்சின் மிஷெலின் நிறுவனம் 1946-இல் காப்புரிமை பெற்ற அமைப்பு அது. அம்பாசடர் வைத்திருந்த வீடுகளில் பெரியவர்களைக் கேட்டால் 5.90-15 என்று ஒரு பழைய அளவைச் சொல்வார்கள். அதில் அகலமும் அங்குலம்தான்.

இனி ஒரு சின்னக் கூட்டல். பக்கச்சுவர் மேலே ஒரு முறை, கீழே ஒரு முறை வருகிறது. ஆக 264 மி.மீ. நடுவில் 14 அங்குல ரிம், 355.6 மி.மீ. இரண்டும் சேர்ந்து சக்கரத்தின் மொத்த விட்டம் 619.6 மி.மீ. அதே ஸ்விஃப்டின் விலை கூடிய ரகத்தில் கம்பெனியே 185/65 ஆர்15 போட்டுத் தருகிறது. அதையும் கூட்டிப் பாருங்கள்: பக்கச்சுவர் 120 மி.மீ. சொச்சம், மொத்த விட்டம் 621.5. ரிம் ஒரு அங்குலம் பெரிதாகியும் சக்கரம் இரண்டு மில்லிமீட்டர்கூட வளரவில்லை. பலேனோவும் அப்படித்தான். கீழ் ரகங்களில் 185/65 ஆர்15, மேல் ரகங்களில் 195/55 ஆர்16. இரண்டாவதன் விட்டம் 620.9. ரிம் எவ்வளவு பெரிதானாலும் மொத்தச் சக்கரத்தை அதே விட்டத்தில் நிறுத்துவதில் பொறியாளர்கள் கறாராக இருக்கிறார்கள். ஸ்பீடோமீட்டர், கியர், பிரேக் எல்லாமே அந்த விட்டத்தை நம்பித்தான் அமைந்திருக்கின்றன.

மகன் கேட்கும் 16 அங்குலமும் இந்த 195/55 ஆர்16-ஆகத்தான் இருக்கும். பையன் கணக்குப் போட்டுத்தான் கேட்டிருக்கிறான், அதைச் சொல்லியாக வேண்டும். விட்டத்தில் வித்தியாசம் ஒன்றரை மில்லிமீட்டருக்கும் குறைவு. மீட்டர் தப்பாகக் காட்டாது. ஆனால் ரிம் வளர்ந்த இடத்தை ரப்பரிலிருந்துதான் எடுத்திருக்கிறார்கள். 132 மி.மீ. இருந்த பக்கச்சுவர் 107 ஆகிவிட்டது. காணாமல்போன 25 மி.மீ. காற்றும் ரப்பரும் யாருக்காக இருந்தவை என்றால், பின் சீட்டில் இருக்கும் அந்தப் பாட்டிக்காகத்தான்.

பக்கச்சுவர் வெறும் ரப்பர்ப் பட்டை இல்லை. பள்ளத்தில் சக்கரம் இறங்கும்போது முதலில் நசுங்கி அடியை வாங்கிக்கொள்வது அதுதான். ஸ்பிரிங்கும் ஷாக் அப்சார்பரும் அதற்குப் பிறகே வேலைக்கு வருகின்றன. அதன் உயரம் குறைந்தால், பள்ளத்தின் கூரான விளிம்புக்கும் ரிம்முக்கும் நடுவில் டயர் நசுங்கி, உள்ளே இருக்கும் நூல்கள் அறுந்துபோகும். மறுநாள் காலையில் பார்த்தால் டயரின் பக்கத்தில் எலுமிச்சம்பழம் அளவுக்குப் புடைத்திருக்கும். அந்தப் புடைப்புக்கு பஞ்சர் கடையில் வைத்தியம் கிடையாது. டயரைத் தூக்கிப் போட வேண்டியதுதான். எந்த நேரத்திலும் வெடிக்கலாம் என்பதால் அதோடு ஊருக்குப் போகவும் கூடாது. மழைக்காலம் முடிந்து, பாதாளச் சாக்கடைக்குத் தோண்டிய குழிகளை அரைகுறையாக மூடிய தெருக்களில் தினமும் ஓடும் காருக்குப் பக்கச்சுவர் 55 சதவீதமே உள்ள டயர் சரிப்படாது என்பது என் கட்சி. நாற்கரச் சாலையில் மட்டுமே ஓடுகிறவர்கள் வேறு கட்சியில் இருக்கலாம்.

"பெரிய வீல் போட்டா பள்ளமே தெரியாதுங்க" என்று சிலர் சொல்வதுண்டு. அதில் பாதி உண்மை இருக்கிறது. பள்ளத்தைக் கடக்க உதவுவது சக்கரத்தின் மொத்த விட்டம். மாருதி 800-இன் 145/70 ஆர்12 டயருக்கு மொத்த விட்டமே 508 மி.மீ.தான். அதனால்தான் அந்த வண்டி ஒவ்வொரு குழியிலும் விழுந்து எழுந்தது. அம்பாசடர் மிதந்துபோனதற்கு உயரமான சக்கரமும் தடித்த ரப்பரும் ஒரு காரணம். விட்டத்தைக் கூட்டாமல் ரிம்மை மட்டும் கூட்டினால் அந்தச் சுகம் வராது. உள்ளதும் குறையும்.

சென்னையில் கார் அலங்காரத்துக்குப் பேர்போன ஜெனரல் பேட்டர்ஸ் ரோட்டில் எங்கள் நிருபர் அரை நாள் நின்று பார்த்துவிட்டு வந்தார். ஒரு கடையில் அப்பாவும் மகனும். பையன் கை வைத்த அலாய் வீலைக் கடைக்காரர் வண்டியின் பக்கத்தில் உருட்டிக்கொண்டு வந்து சாய்த்து வைக்கிறார். ஃபெண்டருக்கும் டயருக்கும் நடுவில் விரலை விட்டுப் பார்த்துவிட்டு அப்பா கேட்கிறார்:

"உரசுமாப்பா?"

"உரசாது சார். நாலு பேர் உட்கார்ந்து ஸ்டியரிங் ஃபுல்லா ஒடிச்சா லேசா படும். பட்டா ஃபெண்டர் ஓரத்தை உள்ளே மடக்கிக் கொடுத்துடுறேன்."

"மடக்கவா? போன மாசம்தான்டா லோனே முடிஞ்சுது!"

பையன் சிரித்துவிட்டானாம். அன்றைக்கு அவர்கள் சீட் கவர் மட்டும் வாங்கிக்கொண்டு கிளம்பினார்களாம். கடைக்காரரைக் குறை சொல்ல மாட்டேன். கேட்ட பொருளைக் கொடுப்பது அவர் தொழில். உரசினால் மடக்கலாம் என்பது அவர் கண்ட தீர்வு. 'உரசும் அளவை எதற்கு மாட்ட வேண்டும்' என்று கேட்க வேண்டியவர் வண்டிக்குச் சொந்தக்காரர்.

விட்டக் கணக்குக்கு வருகிறேன். ஸ்டிக்கர் அளவிலிருந்து விட்டம் மூன்று சதவீதத்துக்கு மேல் ஏறவோ இறங்கவோ கூடாது என்பது தொழிலில் இருப்பவர்கள் வைத்திருக்கும் பொதுவான எல்லை. கையிருப்பில் மலிவாகக் கிடைக்கிறது என்று 165/80 ஆர்14 இருக்க வேண்டிய இடத்தில் 175/65 ஆர்14 மாட்டினால், விட்டம் 583 மி.மீ.க்கு இறங்கிவிடும். ஆறு சதவீதம் குறைவு. வண்டியின் அடிவயிறு 18 மி.மீ. தரையை நெருங்கும். ஸ்விஃப்டுக்குத் தரை இடைவெளி 163 மி.மீ. என்று சொல்கிறார்கள், அதில் 18 போனால் ஊர் நுழைவாயிலில் பஞ்சாயத்து போட்ட வேகத்தடை ஒன்று விடாமல் தட்டும். இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. சின்னச் சக்கரம் அதிக முறை சுற்றுவதால் ஓடாத தூரத்தையும் ஓடியதாக மீட்டர் காட்டும். "டயர் மாத்தினதிலிருந்து மைலேஜ் கூடிடுச்சு சார்" என்று நண்பர்களிடம் பெருமை பேசலாம். பெட்ரோல் பங்க் பில் வேறு கதை சொல்லும்.

மறுபக்கம், 185/65 ஆர்15 இருக்கும் வண்டியில் 205/65 ஆர்15 ஏற்றினால் விட்டம் நான்கு சதவீதம் கூடும். சரியாகக் காட்டும் மீட்டர் என்றே வைத்துக்கொள்வோம். அது 100 காட்டும்போது வண்டி 104-இல் போய்க்கொண்டிருக்கும். எல்லாக் கியரும் கொஞ்சம் நீண்டுவிட்டதைப் போல ஆகி, கொடைக்கானல் ஏற்றத்தில் இரண்டாவது கியருக்கே இறங்கவேண்டி வரும். முன்னால் ஒரு அளவு, பின்னால் ஒரு அளவு என்று மாட்டுவது இன்னும் மோசம். நான்கு சக்கரங்களின் சுற்றையும் ஒப்பிட்டுப் பார்த்துத்தான் ஏ.பி.எஸ். வேலை செய்கிறது, அளவு மாறினால் அதற்குத் தவறான தகவல் போகும்.

அகலம் கூடினால் பிடிப்பு கூடும் என்பது காய்ந்த சாலையில் ஓரளவு உண்மை. தண்ணீர் தேங்கிய சாலையில் அகலமான டயர் அதிகத் தண்ணீரைத் தள்ள வேண்டியிருக்கிறது. தள்ள முடியாத வேகத்தில் அதன் மேலேயே மிதக்கத் தொடங்கும். ஐப்பசி மழையில் ஓ.எம்.ஆரில் ஓட்டுகிறவர்கள் இதைப் படித்துத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. அதோடு, அகலமான டயருக்கு அகலமான ரிம் வேண்டும். ரிம்மின் மேல் 5ஜே, 5.5ஜே, 6ஜே என்று அடித்திருப்பது அதன் அகலம், அங்குலத்தில். 5 அங்குல ரிம்மில் 205 டயரை ஏற்றுவது, சின்னத் தட்டில் தலைவாழை இலையை விரிப்பது மாதிரி. ஓரம் மடங்கி, நடு மட்டும் தரையில் படும்; வளைவில் வண்டி ஆடும். 185/70 ஆர்14 அளவு 5 அங்குல ரிம்மில் ஒழுங்காக உட்காரும். 165/80 ஆர்14 வைத்திருப்பவர்கள் கொஞ்சம் அகலம் வேண்டும் என்றால் இதற்கு மாறலாம். விட்டம் ஐந்து மில்லிமீட்டர்தான் குறையும். பக்கச்சுவரும் கிட்டத்தட்ட அப்படியே, 129.5 மி.மீ. ரிம் செலவும் இல்லை. ஸ்டியரிங் ஒரு நூல் கனக்கும், மைலேஜ் ஒரு பிடி குறையும்.

ரிம்மையே மாற்றுவதென்றால் விட்டமும் அகலமும் மட்டும் பார்த்தால் போதாது. நட்டுகள் எத்தனை, அவை எவ்வளவு பெரிய வட்டத்தில் அமைந்திருக்கின்றன என்பது பி.சி.டி. ஸ்விஃப்ட், பலேனோவுக்கு 4 நட்டு, 100 மி.மீ. வட்டம். க்ரெட்டா, இன்னோவா கிரிஸ்டாவுக்கு 5 நட்டு, 114.3 மி.மீ. இது பொருந்தாவிட்டால் மாட்டவே முடியாது என்பதால் இதில் ஏமாற வாய்ப்பு குறைவு. ஏமாறுவது ஆஃப்செட்டில். ரிம்மின் பின்னால் ஈ.டி. 45, ஈ.டி. 35 என்று ஒரு எண் இருக்கும். ரிம்மின் நடுக்கோட்டிலிருந்து அது ஹப்பில் போய் உட்காரும் முகம் எவ்வளவு தள்ளியிருக்கிறது என்ற மி.மீ. கணக்கு அது. 45 இருக்க வேண்டிய இடத்தில் 35 போட்டால் சக்கரம் 10 மி.மீ. வெளியே துருத்தும். பார்ப்பதற்கு கம்பீரம்தான். பாரம் விழும் இடம் மாறி வீல் பேரிங் சீக்கிரம் இரைச்சல் போடும், பள்ளத்தில் ஸ்டியரிங் கையை இழுக்கும்.

ரிம்மின் நடு ஓட்டை ஹப்பைவிடப் பெரிதாக இருந்தால், இடையில் ஹப் ரிங் என்று ஒரு வளையம் போட வேண்டும். போடாவிட்டால் 80, 90 வேகத்தில் ஸ்டியரிங் நடுங்கும். நாம் பேலன்சிங் மேல் பேலன்சிங் செய்துகொண்டிருப்போம். அலாய்க்கு வரும் நட்டு வேறு, ஸ்டீல் டிஸ்க்குக்கு உரிய நட்டு வேறாக இருக்கும். புது நட்டைப் போட்டதும் பழைய நட்டுகளைக் கடையிலேயே விட்டுவிட்டு வந்துவிடுகிறோம். நடுவழியில் பஞ்சராகி, ஸ்டீல் ஸ்டெப்னியை எடுத்து மாட்டும்போதுதான் நட்டு உட்காராது என்பது தெரியவரும். பழைய நட்டுகளை ஒரு துணியில் முடிந்து ஜாக்கியோடு போட்டு வையுங்கள். புது வீல் மாட்டி நூறு கிலோமீட்டர் ஓடியதும் நட்டுகளை ஒரு முறை முடுக்கிப் பார்க்கச் சொல்லுங்கள். அலாயில் ஜே.டபிள்யூ.எல். முத்திரை இருக்கிறதா என்றும் பாருங்கள். சோதனைக்கு ஈடுகொடுத்த வார்ப்பு என்பதற்கு அது அடையாளம். அலாய் என்றாலே எடை குறைவு என்பதும் நிச்சயமில்லை. மலிவு வார்ப்பு அலாய்கள் சில, கழற்றி வைத்த ஸ்டீலைவிடக் கனமாக இருக்கும். கடையில் இரண்டையும் இரண்டு கையில் தூக்கிப் பாருங்கள், யாரும் தடுக்க மாட்டார்கள்.

குடும்பக் காருக்கு நான் எல்லாவற்றையும்விட முக்கியமாக நினைக்கும் எண், அளவுக்குப் பிறகு சின்னதாக வரும் எண். 185/65 ஆர்15 88ஹெச் என்று இருந்தால், 88 என்பது சுமைக் குறியீடு: ஒரு டயர் 560 கிலோ தாங்கும். 85 என்றால் 515 கிலோ, 82 என்றால் 475. ஹெச் என்பது வேகம், 210 கி.மீ. வரை, டி என்றால் 190, எஸ் என்றால் 180. நம் ஊரில் வேக எழுத்துக்கு வேலை குறைவு. சுமை எண்ணுக்குத் தினமும் வேலை இருக்கிறது. எர்டிகாவை எடுத்துக்கொள்ளுங்கள். வண்டி மட்டும் ஏறத்தாழ 1,200 கிலோ. ஏழு பேர் ஏறினால் இன்னும் 450 கிலோ. கல்யாணத்துக்குப் போகிறோம் என்றால் பாத்திரம், பழத்தட்டு, பட்டுப்புடவைப் பெட்டி. திரும்பி வரும்போது மாமா வீட்டுத் தேங்காய் மூட்டை. 88 என்று போட்ட டயர் நான்கும் சேர்ந்து 2,240 கிலோ தாங்கும் என்றாலும் பாரம் நாலாகச் சமமாகப் பிரிவதில்லை. பின்னால் அடைத்தால் பின் டயருக்கு, பிரேக் பிடித்தால் முன் டயருக்கு என்று மாறிக்கொண்டே இருக்கும். ஸ்டிக்கரில் 88 என்றால் 88-க்குக் கீழே இறங்கவே கூடாது.

பெரிய ரிம் போட்டால் அதிகப் பாரம் தாங்கும் என்று நம்புகிறவர்கள் நிறைய. 195/55 ஆர்16 டயர் பொதுவாக வருவது 87-இல், அதாவது 545 கிலோ. 15 அங்குல 185/65-ஐவிட 15 கிலோ குறைவு. பாரத்தைத் தாங்குவது உள்ளே இருக்கும் காற்று. ரிம் வளர வளரக் காற்றுக்கு இடம் குறைகிறது. பலேனோவுக்கு அந்த 545 தாராளம் என்று கம்பெனி கணக்குப் பார்த்துத்தான் போட்டிருக்கிறது. அதே அளவை, அழகாக இருக்கிறது என்று எர்டிகாவுக்குக் கொண்டுபோனால் அந்தக் கணக்கு நமக்காக யாரும் போட்டதில்லை. மின்சார கார் வைத்திருப்பவர்களுக்கு இது இரண்டு மடங்கு பொருந்தும். பேட்டரியின் எடை அவ்வளவு.

ஸ்டெப்னியை மறந்துவிடுவோம் என்பதால் அதைப் பற்றி ஒரு வார்த்தை. அலாய் ரகங்கள் பலவற்றில் டிக்கிக்குள் இருப்பது ஒரு அங்குலம் சின்ன ஸ்டீல் சக்கரம். 80-க்கு மேல் போகாதே என்று அதில் ஸ்டிக்கரும் இருக்கும். அதை மாட்டிக்கொண்டு மதுரையிலிருந்து சென்னை வரை வந்துவிடலாம் என்று நினைக்காதீர்கள். அடுத்த பஞ்சர் கடை வரைக்கும்தான். டயர் அழுத்தம் காட்டும் கருவியும் பஞ்சர் கிட்டும் இருந்தால் ஸ்டெப்னியே தேவையில்லை என்று 2020-இல் விதியைத் திருத்தினார்கள். ஸ்டெப்னி இல்லாமல் வரும் புது வண்டிகளுக்கு அதுதான் சட்டப் பின்னணி. பட்டனுக்கு பஞ்சர் கிட் சரி. பக்கச்சுவர் கிழிந்தால் அது உதவாது. வாங்கும்போதே டிக்கியின் அடியைத் தூக்கிப் பாருங்கள்.

மோட்டார் வாகனச் சட்டம் 1988-இன் 52-ஆம் பிரிவு, தயாரிப்பாளர் குறித்த விவரங்களுக்கு முரணாக வண்டியை மாற்றக் கூடாது என்கிறது. மேல் ரகத்துக்குக் கம்பெனியே கொடுக்கும் அளவோடு நின்றால் யாரும் கேள்வி கேட்கப் போவதில்லை. ஃபெண்டருக்கு வெளியே துருத்தும் டயரோடு விபத்தில் சிக்கினால், இன்சூரன்ஸ் சர்வேயர் முதலில் படம் எடுப்பது அதைத்தான். வெளியில் வாங்கிய அலாயை பாலிசியில் சொல்லிச் சேர்க்காமல் இருந்தால் அது திருட்டுப் போனாலும் பணம் வராது.

ரிம்முக்கு ஒதுக்கிய பணத்தை டயருக்குச் செலவழியுங்கள் என்பேன் நான். டயரின் பக்கத்தில் டி.ஓ.டி. வரிசையின் கடைசி நான்கு எண்களைப் படியுங்கள். 2324 என்றால் 2024-ஆம் ஆண்டின் 23-வது வாரம் செய்தது. பெரும் தள்ளுபடி என்று தரும் டயரில் இந்த எண் மூன்று வருடம் பழையதாக இருந்தால், தள்ளுபடியின் காரணம் விளங்கிவிடும். ரப்பருக்கு வயது உண்டு. வேலூர் வெயிலில், மரநிழல் இல்லாத தெருவில் நிற்கும் வண்டிக்கு, பட்டன் எவ்வளவு இருந்தாலும் ஆறு வருடத்துக்கு மேல் ஓட்டாமல் இருப்பது நல்லது. சட்டப்படி காருக்குப் பட்டன் ஆழம் 1.6 மி.மீ.யாவது இருக்க வேண்டும். பள்ளங்களுக்குள் ஆங்காங்கே குறுக்கே ஓடும் சின்ன ரப்பர் மேடு அதைக் காட்டத்தான் இருக்கிறது; பட்டன் அந்த மேட்டோடு சமமாகிவிட்டால் டயர் முடிந்தது. மழைக்காலம் வருகிறதென்றால் அதுவரை காத்திருக்கவும் வேண்டாம்.

இரண்டு டயர் மட்டும் மாற்றுகிறீர்கள் என்றால் புதியதைப் பின்னால் போடச் சொல்லுங்கள். முன்சக்கர இழுவை வண்டிக்கும் அப்படித்தான். கடையில், "இன்ஜின் முன்னாடி இருக்கு, புதுசு முன்னாடிதான் போடணும்" என்பார்கள். ஈரச் சாலையில் முன் டயர் வழுக்கினால் ஓட்டுபவருக்கு ஸ்டியரிங்கிலேயே தெரியும், காலை எடுத்து வேகத்தைக் குறைப்பார். பின் டயர் வழுக்கினால் வண்டி சுழன்ற பிறகுதான் தெரியும்.

காற்றையும் வண்டி சூடேறுவதற்கு முன், காலையில் பாருங்கள். முப்பது கிலோமீட்டர் ஓடிவிட்டுப் பார்த்தால் மூன்று நான்கு பி.எஸ்.ஐ. கூடுதலாகக் காட்டும், அதை நம்பி இறக்கிவிட்டால் மறுநாள் காற்று குறைந்து ஓடும். சொந்தபந்தங்களை ஏற்றிக்கொண்டு கிளம்பும் அன்று ஸ்டிக்கரில் முழுச் சுமைக்கு என்று போட்டிருக்கும் அளவை அடியுங்கள். நைட்ரஜன் அடிக்கலாமா என்று கேட்டு வந்த கடிதங்களுக்கும் சேர்த்துச் சொல்கிறேன். நாம் மூச்சுவிடும் காற்றில் ஏற்கெனவே 78 சதவீதம் நைட்ரஜன். மிச்சத்துக்குக் காசு கொடுக்க மனமிருந்தால் கொடுங்கள்.

தமிழ்நாட்டில் வாழும் நாம் டயருக்கு அந்நியர்களும் அல்ல. 1946-இல் திருவொற்றியூரில் பலூன் பொம்மை செய்யும் சிறு கூடமாக மாம்மன் மாப்பிள்ளை தொடங்கியதுதான் பிறகு எம்.ஆர்.எஃப். ஆனது. ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர், தேர்வாய்க்கண்டிகை என்று இன்று டயர் ஆலைகள் வரிசையாக நிற்கின்றன. 1960-இல் தொடங்கப்பட்ட வீல்ஸ் இந்தியா பாடியில் ஸ்டீல் வீல் செய்துவருகிறது. மதுரைப் பக்கம் போனால் டி.வி.எஸ். ஸ்ரீசக்ரா. இவ்வளவும் வீட்டு வாசலில் இருக்க, டயர் கடையில் நாம் கேட்கும் ஒரே கேள்வி "எவ்வளவு குறைப்பீங்க?" என்பதாக இருப்பது எனக்கு ஆச்சரியம்தான்.

திருநெல்வேலி வாசகிக்குத் தீர்ப்பு. உங்கள் கணவர் சொல்வதே முதல் வழி: அதே 165/80 ஆர்14, புதிய தேதி, சுமை எண் குறையாமல், நல்ல டயராக நான்கு. கொஞ்சம் அகலம் வேண்டுமென்றால் அதே ரிம்மில் 185/70 ஆர்14. மகன் மனசும் நோகக் கூடாது என்றால், மேல் ரகத்துக்குக் கம்பெனி போடும் 15 அங்குல அலாயும் 185/65 டயரும். புது கார் வாங்கிய கையோடு கம்பெனி அலாயைக் கழற்றி விற்கிறவர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். அவர்களிடம் பாதி விலைக்குக் கிடைக்கும். வாங்கும் முன் பேலன்சிங் மெஷினில் மாட்டிச் சுற்றவிட்டுக் கோணல் இல்லை, விரிசல் இல்லை என்று பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள். அந்த வேலையை மகனிடமே ஒப்படைக்கலாம், பையனுக்குக் கணக்கு வருகிறது. 16 அங்குலம், பாட்டி முன் சீட்டுக்கு மாறினாலும் வேண்டாம்.

இந்த இதழில் குற்றாலம், ஏலகிரி, தரங்கம்பாடி என்று மூன்று விடுமுறைப் பயணக் கட்டுரைகள் வந்திருக்கின்றன. மூன்றும் காரில் போய் எழுதியவை. கிளம்புவதற்கு முன் டிக்கியைத் திறந்து ஸ்டெப்னிக்கும் காற்றுப் பார்த்துவிடுங்கள். கதவுத் தூணில் ஸ்டிக்கர் ஒன்று சொல்லி, வண்டியில் மாட்டியிருப்பது வேறொன்றாக இருந்தால், இரண்டு அளவையும் குறித்து எங்களுக்கு எழுதுங்கள். அடுத்த இதழின் வாகனப் பக்கத்தில் ஒவ்வொன்றாகக் கணக்குப் போட்டுப் பார்ப்போம். பெயர் வேண்டாம் என்பவர்கள் கடிதத்தின் மேலேயே அதைக் குறிப்பிட்டுவிடுங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்